பட்டன் போனில் இணையம்: டவர் குறைந்த மலையூர்களுக்கு முழு வழிகாட்டி

எங்கள் வீடு நீலகிரியில் பந்தலூர் பக்கம், தேயிலைத் தோட்டத்து லைனில், அதாவது தொழிலாளர் வீட்டு வரிசையில் இருக்கிறது. தமிழ்நாட்டில் மழை அதிகம் பெய்யும் ஊர்களைச் சொன்னால் தேவாலா பெயர் தவறாமல் வரும். அந்தத் தேவாலா எங்களுக்குப் பக்கத்து ஊர். ஆனி, ஆடி வந்துவிட்டால் மரம் விழும், கம்பி அறும், கரண்ட் போகும். ஓர் ஆடியில் மூன்று நாள் தொடர்ந்து கரண்ட் இல்லை. என்னுடைய ஸ்மார்ட்போன் முதல் நாள் சாயங்காலமே அணைந்துவிட்டது. அம்மாவின் பட்டன் போன் நான்காம் நாளும் ஓடியது. மழை எப்போது விடும், கூடலூர் ரோட்டில் பஸ் ஓடுகிறதா என்று தெரிந்துகொள்ள லைனில் எல்லோரும் அந்தப் போனைத்தான் நம்பி நின்றோம். அதில் இணையம் இருந்தது, ஆனால் யாரும் அமைத்து வைக்கவில்லை. பக்கம் திறக்காமல் சுற்றிக்கொண்டே இருந்தது.

அந்த மழை விட்டபின் உட்கார்ந்து அந்தப் போனைச் சரிசெய்தேன். அப்புறம் சித்தப்பாவின் போன், பக்கத்து வீட்டு அக்காவின் போன் என்று ஒவ்வொன்றாக வந்தது. அப்படிக் கற்றுக்கொண்டதை முதலிலிருந்து கடைசிவரை இங்கே எழுதுகிறேன்.

ஒன்றை மட்டும் முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன். பட்டன் போனில் இணையம் என்பது வாரச் சந்தைக்குப் போய்வருவது மாதிரி. என்ன வேண்டும் என்று முடிவு செய்துகொண்டு, டவர் இருக்கும் இடத்துக்குப் போய், அதை மட்டும் எடுத்துக்கொண்டு வீடு திரும்ப வேண்டும். கீழே உள்ள எல்லாப் படிகளும் இந்த ஒரு பழக்கத்துக்காகத்தான்.

முதலில், கையில் இருப்பது எந்த வகைப் போன்?

எல்லாப் பட்டன் போனும் ஒன்று இல்லை. நோக்கியா 1100 மாதிரிப் போனில் ஜிபிஆர்எஸ் வசதியே கிடையாது. அதில் எவ்வளவு முயன்றாலும் இணையம் வராது. அதை விட்டால், நம் ஊர்களில் புழங்குவது மூன்று வகை.

பழைய ஜாவா போன்கள் முதல் வகை. நோக்கியா 6300, 2700 கிளாசிக் போன்றவை. திரை 240க்கு 320 புள்ளி. இவை 2ஜியில் ஓடும். ஓபரா மினி என்னும் பிரவுசர் போன்ற ஜாவா செயலிகளை நாமே ஏற்றிக்கொள்ளலாம். இந்த வழிகாட்டியில் பாதிக்கு மேல் இவற்றுக்குத்தான், ஏனென்றால் சரியாக அமைத்தால் அதிகம் உழைப்பதும் இவைதான்.

இரண்டாவது, கடையில் இன்றைக்குப் புதிதாக விற்கும் எளிய பட்டன் போன்கள். பெரும்பாலும் திரை இன்னும் சிறியது, 128க்கு 160 புள்ளி அளவில் இருக்கும். ஒரு தடவைக்கு ஏழெட்டு வரிதான் தெரியும். சிலவற்றில் ஓபரா மினி கம்பெனியிலேயே ஏற்றப்பட்டு வரும்; இல்லாத போனில் பின்னால் ஏற்றுவது கடினம். அதனால் வாங்கும்போதே மெனுவைத் திறந்து பார்த்துவிடுங்கள்.

மூன்றாவது, ஜியோபோன் போலக் காய்ஓஎஸ் என்னும் இயங்குதளத்தில் ஓடும் போன்கள். 2017இல் அறிவிக்கப்பட்ட ஜியோபோனில் 2.4 அங்குலத் திரை, 512 எம்பி ரேம், 4ஜி. இதில் உள்ள பிரவுசர் ஃபயர்ஃபாக்ஸின் வழிவந்தது. அதனால் பெரும்பாலான பக்கங்கள் நேராகவே திறக்கும்.

சிம் விஷயத்தில் ஏமாந்துவிடாதீர்கள். ஜியோவுக்கு 2ஜி கிடையாது. பழைய ஜாவா போனில் ஜியோ சிம் போட்டால் டவரே காட்டாது. அதேபோல் ஜியோபோனில் வேறு கம்பெனி சிம் வேலை செய்யாது. 2ஜி போன் என்றால் ஏர்டெல், வி (வோடஃபோன் ஐடியா), பிஎஸ்என்எல் இவற்றில் உங்கள் வீட்டுப் பக்கம் எதன் டவர் நிற்கிறதோ அதை எடுங்கள். ஊட்டியில் நன்றாக எடுக்கிறது என்று கேள்விப்பட்டு வாங்க வேண்டாம். மலையில் ஒரு வளைவு தாண்டினால் கணக்கு மாறிவிடும்.

போனில் வரும் பிரவுசர் ஏன் திணறுகிறது?

இதைப் புரிந்துகொண்டால் மீதிப் படிகள் எல்லாம் தானாகப் பிடிபடும். காரணம் இரண்டு.

முதலாவது, எடை. இன்றைக்கு ஒரு சராசரி வலைப்பக்கம் 2 எம்பிக்கு மேல் இருக்கிறது. 2ஜியின் எட்ஜ் இணைப்பு எங்கள் பள்ளத்தாக்கில் நன்றாக எடுக்கும் நாளில் நொடிக்கு 10 கேபி அளவில் இறங்கும். 2000 கேபியைப் பத்தால் வகுத்தால் 200 நொடி, மூன்று நிமிடத்துக்கு மேல். அதற்குள் டவர் ஒருமுறை போய்வரும், பக்கம் அறுந்துவிடும். அதே பக்கத்தை 60 கேபியாகச் சுருக்கிக் கொடுத்தால் ஆறே நொடி.

இரண்டாவது, பூட்டு. இன்றைக்கு ஏறக்குறைய எல்லாத் தளங்களும் எச்டிடிபிஎஸ் என்னும் பூட்டிய வழியில்தான் பேசுகின்றன. அந்தப் பூட்டின் பழைய வடிவங்களான டிஎல்எஸ் 1.0, 1.1 இரண்டையும் பெரிய பிரவுசர்கள் 2020 வாக்கில் கைவிட்டன. பழைய போனுக்குப் புதிய பூட்டைத் திறக்கத் தெரியாது. தளம் உண்மையானதா என்று சரிபார்க்கப் பழைய போனிலுள்ள சான்றிதழ்கள் பலவும் காலாவதி ஆகிவிட்டன. போன் கெட்டுப்போகவில்லை, சாவிதான் பழசாகிவிட்டது.

இந்த இரண்டையும் ஒரே அடியில் தீர்ப்பதுதான் ஓபரா மினியின் வேலை. 2006இல் உலகம் முழுக்க வெளியான இந்தப் பிரவுசர், பக்கத்தைத் தானே நேராக இறக்குவதில்லை. நீங்கள் கேட்கும் பக்கத்தை ஓபராவின் சர்வர் போய் வாங்குகிறது; புதிய பூட்டை அதுவே திறக்கிறது; கனத்தை எல்லாம் கழித்து, படத்தைச் சுருக்கி, சின்னப் பொட்டலமாகக் கட்டிப் போனுக்கு அனுப்புகிறது. போன் செய்ய வேண்டியது அந்தப் பொட்டலத்தைப் பிரித்துக் காட்டுவது மட்டும்தான். முன்பு இதே வேலையைச் செய்த யூசி பிரவுசர் 2020 ஜூனில் இந்தியாவில் தடை செய்யப்பட்ட செயலிகளில் ஒன்று. பழைய போனில் அது கிடந்தால் நீக்கிவிடுங்கள்.

டேட்டாவைத் திறப்பது, பேலன்ஸைக் காப்பது

அம்மாவின் போனில் ஒருமுறை ரீசார்ஜ் செய்த நாற்பது ரூபாய் இரண்டே நாளில் காணாமல் போனது. கடையில் கேட்டால் தெரியவில்லை என்றார்கள். பிறகுதான் பிடிபட்டது: போனின் நடுப் பட்டனுக்கு மேலே உள்ள அம்புக்குறி இணையத்தைத் திறக்கும் குறுக்குவழியாக இருந்திருக்கிறது. சேலை மடிப்பில் செருகியிருந்த போன் தானாகவே அழுந்தி, பேக் இல்லாமல் மெயின் பேலன்ஸைத் தின்றிருக்கிறது. எனவே இந்த வரிசையில் செய்யுங்கள்.

முதலில், அந்தக் குறுக்குவழிப் பட்டனை மாற்றி அலாரமோ டார்ச்சோ வரும்படி வையுங்கள். கீபேட் லாக் தானாக விழும்படி செய்யுங்கள்.

அடுத்து, டேட்டா பேக் போட்டபின் மட்டும் இணையத்தைத் திறக்கவும். எந்தக் கம்பெனி சிம்மாக இருந்தாலும் 1925 என்ற எண்ணுக்கு ஆங்கிலத்தில் ஸ்டார்ட் என்று எஸ்எம்எஸ் அனுப்பினால் மொபைல் டேட்டா திறக்கும். ஸ்டாப் என்று அனுப்பினால் மூடும். பெரியவர்கள் போனில் பேக் இல்லாத மாதங்களில் மூடியே வைப்பது நல்லது.

பிறகு ஏபிஎன், அதாவது போன் இணையத்துக்குள் நுழையும் வாசலின் பெயர். டவர் இருந்தும் பக்கம் திறக்காததற்குப் பாதி நேரம் காரணம் இதுதான். நோக்கியா ஜாவா போனில் செட்டிங்ஸ், கான்ஃபிகரேஷன், பர்சனல் கான்ஃபிகரேஷன் என்று உள்ளே போய்ப் புதிதாக ஓர் ஆக்சஸ் பாயிண்ட் சேர்க்க வேண்டும். டேட்டா பேரர் என்ற இடத்தில் பாக்கெட் டேட்டா என்று இருக்கட்டும். அதற்குள் ஆக்சஸ் பாயிண்ட் பெயர் கேட்கும் இடத்தில், ஏர்டெல் என்றால் ஏர்டெல்ஜிபிஆர்எஸ் டாட் காம், பிஎஸ்என்எல் என்றால் பிஎஸ்என்எல்நெட், ஜியோ போன் என்றால் ஜியோநெட். எல்லாமே ஆங்கிலச் சின்ன எழுத்தில், நடுவே இடைவெளி விடாமல். பயனர் பெயரும் கடவுச்சொல்லும் காலியாகவே இருக்கலாம். சேமித்தபின் அந்த ஆக்சஸ் பாயிண்டை எல்லாச் செயலிகளுக்கும் இயல்பானதாக ஆக்குங்கள். இந்தக் கடைசிப் படியை விட்டால் போனின் பிரவுசர் திறக்கும், ஓபரா மினி திறக்காது. நான் சித்தப்பாவின் போனில் ஒரு மணி நேரம் தொலைத்தது இதில்தான்.

தேதியையும் பாருங்கள். பேட்டரியைக் கழற்றிப் போட்டால் பல போன்களில் தேதி பல ஆண்டு பின்னால் போய்விடும். தேதி தவறாக இருந்தால், இந்தச் சான்றிதழ் இன்னும் நடைமுறைக்கு வரவில்லை என்று சொல்லிப் போன் பக்கத்தை மறுக்கும்.

ஓபரா மினியை ஏற்றுவது

போனில் ஏற்கெனவே இருந்தால் அதையே வைத்துக்கொள்ளுங்கள். இல்லையென்றால் கம்ப்யூட்டரில் ஓபராவின் சொந்தத் தளத்திலிருந்து ஜார் கோப்பை (ஜாவா செயலியை நிறுவும் கோப்பு) எடுத்து, மெமரி கார்டிலோ புளூடூத்திலோ போனுக்கு மாற்றுங்கள். கேலரியில் போய் அந்தக் கோப்பைத் திறந்தால், நிறுவலாமா என்று கேட்கும். ஜார் கோப்பு இலவசம் என்று அள்ளித்தரும் மற்ற தளங்கள் வேண்டாம். நமக்குத் தெரியாமல் காசு பிடிக்கும் எண்களுக்கு எஸ்எம்எஸ் அனுப்பும் போலிச் செயலிகள் ஜாவா போன் காலத்தில் நிறைய உலவின.

நிறுவியதும் அதன் மேல் நின்று ஆப்ஷன்ஸ் அழுத்துங்கள். அப்ளிகேஷன் ஆக்சஸ் என்ற இடத்தில் நெட்வொர்க் அனுமதியை முதல் தடவை மட்டும் கேட்கும்படி மாற்றுங்கள். இல்லாவிட்டால் ஒவ்வொரு பக்கத்துக்கும் அனுமதி கேட்டுக்கொண்டே இருக்கும்.

முதல் முறை திறக்கும்போது டவர் நன்றாக உள்ள இடத்தில் நின்று திறங்கள். சர்வரோடு இணைய முடியவில்லை என்று வந்தால், செட்டிங்ஸில் அட்வான்ஸ்டு என்பதற்குள் புரோட்டோகால் என்று ஒன்று இருக்கும். சாக்கெட் என்றிருந்தால் எச்டிடிபி என்று மாற்றிப் பாருங்கள், எச்டிடிபி என்றிருந்தால் சாக்கெட். பல போன்களில் இந்த ஒரு மாற்றத்திலேயே வேலை முடிந்துவிடும்.

தமிழ் கட்டம் கட்டமாகத் தெரிந்தால்

நம்மவர்களில் பலர் பட்டன் போனைக் கைவிட்டதற்குக் காரணம் இதுதான் என்று நினைக்கிறேன். பக்கம் திறக்கும், ஆனால் எழுத்து இருக்க வேண்டிய இடத்தில் வெறும் கட்டங்கள். போனில் தமிழ் எழுத்துரு இல்லை என்று அர்த்தம். வேறு போனிலிருந்து உங்கள் போனுக்குத் தமிழில் ஓர் எஸ்எம்எஸ் அனுப்பச் சொல்லிச் சோதித்துப் பாருங்கள். அது சரியாகத் தெரிந்தால் எழுத்துரு இருக்கிறது; கட்டமாக வந்தால் இல்லை.

எழுத்துரு இல்லாத போனிலும் தமிழ் படிக்க ஓபரா மினிக்குள் ஒரு கதவு இருக்கிறது. முகவரி எழுதும் பெட்டியில் முன்கூட்டியே இருக்கும் எழுத்துகளை எல்லாம் அழித்துவிட்டு, ஆங்கிலத்தில் ஓபரா என்று எழுதி, இரு புள்ளி (:) வைத்து, இடைவெளி இல்லாமல் கான்ஃபிக் என்று எழுதித் திறங்கள். ஒரு நீளமான அமைப்புப் பக்கம் வரும். அதன் அடியில், சிக்கலான எழுத்துகளுக்கு பிட்மேப் எழுத்துருவைப் பயன்படுத்து என்ற பொருளில் ஆங்கிலத்தில் ஒரு வரி இருக்கும். அதில் நோ என்பதை எஸ் என்று மாற்றிச் சேவ் கொடுங்கள். சேவ் கொடுக்காமல் வெளியே வந்தால் மாறாது.

இனி ஓபராவின் சர்வர் தமிழ் எழுத்துகளைச் சின்னப் படங்களாக வரைந்து அனுப்பும். போனுக்குத் தமிழ் தெரியாவிட்டாலும் கொம்பும் கொக்கியும் சரியான இடத்தில் நிற்கும். அம்மா முதன்முதலாகத் தன் போனில் தமிழ்ச் செய்தியைத் தானே படித்த சாயங்காலம் எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. திரையைக் கண்ணுக்குப் பக்கத்தில் வைத்துக்கொண்டு ஒவ்வொரு வரியாக வாய்விட்டுப் படித்தார். எனக்கு இந்த வழிகாட்டியில் மிகப் பிடித்த படி இதுதான்.

இதற்கு விலை உண்டு. பக்கத்தின் எடை கூடும், எழுத்தை நகலெடுக்க முடியாது. எழுத்துரு உள்ள போனில் இதைத் தொட வேண்டாம்.

அதே அமைப்புப் பக்கத்தில் இன்னும் இரண்டு வரி மலையூர்க்காரர்களுக்கு உதவும். லோடிங் டைம்அவுட் என்பதில் நொடிக் கணக்கு இருக்கும். எங்கள் டவருக்கு 30 நொடி போதாது, 90 என்று வைத்தேன். ஃபோல்டு லிங்க்லிஸ்ட்ஸ் என்பதை எஸ் ஆக்கினால், பக்கத்தின் மேலே வரும் நீண்ட மெனுக்கள் சுருங்கி ஒரு கோடாக நிற்கும். செய்திக்கு வர இருபது தடவை கீழ் அம்பை அழுத்த வேண்டியதில்லை.

சின்னத் திரைக்கு மற்ற அமைப்புகள்

ஓபரா மினியின் சாதாரண செட்டிங்ஸில் மொபைல் வியூவை ஆன் செய்யுங்கள். பக்கம் ஒரே பத்தியாக மடங்கும், பக்கவாட்டில் நகர்த்தத் தேவையில்லை. படங்களை ஆஃப் செய்யுங்கள். எப்போதாவது படம் வேண்டுமென்றால் அப்போது மட்டும் தரத்தைக் குறைவில் வைத்துத் திறக்கலாம். எழுத்தளவு ஆங்கிலத்துக்குச் சிறியது சரி, தமிழுக்கு நடுத்தரம் வையுங்கள். சிறிய அளவில் ன, ண வித்தியாசம் தெரியாது.

நகர்வதற்கு எண் பட்டன்களைப் பழகிக்கொள்ளுங்கள். 2 மேலே, 8 கீழே, 4 இடது, 6 வலது, 5 தேர்வு. கீழ் அம்பை விட 8 வேகமாகப் பக்கத்தைத் தள்ளும்.

முகவரியைப் பட்டனில் எழுதுவதுதான் உண்மையான சிரமம். நோக்கியாவில் புள்ளிக்கு 1, மற்றக் குறிகளுக்கு நட்சத்திரப் பட்டன், எண்ணுக்கு மாற # பட்டனை நீண்ட நேரம் அழுத்த வேண்டும். இதை ஒரே ஒருமுறை செய்து புக்மார்க் ஆக்கிவிடுங்கள். இன்னும் எளிய வழி, ஸ்மார்ட்போன் வைத்திருக்கும் யாரையாவது அந்த முகவரியை எஸ்எம்எஸ்ஸில் அனுப்பச் சொல்வது. எஸ்எம்எஸ்ஸைத் திறந்து ஆப்ஷன்ஸ் அழுத்தினால் அந்த முகவரியை அப்படியே திறக்கலாம். எங்கள் லைனில் பெரியவர்களின் புக்மார்க்குகள் எல்லாம் இப்படிப் பிள்ளைகள் அனுப்பியவைதான்.

எதைத் திறக்கலாம்?

தேடலுக்குக் கூகுளை நம்ப வேண்டாம். 2025 தொடக்கத்திலிருந்து ஜாவாஸ்கிரிப்ட் என்னும் வலைப்பக்க நிரலை ஓட்டத் தெரியாத பிரவுசர்களுக்குக் கூகுள் தேடல் கதவைச் சாத்திவிட்டது. ஜிமெயிலின் எளிய எச்டிஎம்எல் வடிவமும் 2024 தொடக்கத்தில் போய்விட்டது. மின்னஞ்சலைப் பட்டன் போனில் எதிர்பார்க்காமல் இருப்பதே நல்லது. தேடலுக்கு டக்டக்கோ என்னும் தேடல் தளத்தின் லைட் பக்கத்தை வைத்துக்கொள்ளுங்கள். முகவரி லைட் டாட் டக்டக்கோ டாட் காம். வெறும் எழுத்து, ஒரு பெட்டி, அவ்வளவுதான்.

ஓபரா மினி ஏறாத போனுக்கு ஃபிராக்ஃபைண்ட் டாட் காம் இருக்கிறது. பூட்டில்லாத பழைய எச்டிடிபி வழியிலேயே திறக்கும். தேடிக் கிடைக்கும் பக்கத்தையும் எழுத்து மட்டுமாக உரித்துத் தரும். ஆங்கிலப் பக்கங்களுக்கு இது நல்ல துணை.

வானிலைக்கு நான் வைத்திருக்கும் புக்மார்க் டபிள்யூடிடிஆர் டாட் இன். அதன் பின்னால் சாய்கோடு போட்டு ஊட்டி என்று ஆங்கிலத்தில் எழுதி, கேள்விக்குறி, ஃபார்மேட், சமக்குறி, 3 என்று சேர்த்தால் ஒரே ஒரு வரி வரும்: ஊர், வானம், வெப்பநிலை. சில பைட்டுகள்தான். ஒரே கோடு டவரிலும் வந்துவிடும். ஊட்டி வெப்பம் எங்கள் பந்தலூருக்குப் பொருந்தாது. ஊரை மாற்றி எழுதிக்கொள்ளுங்கள். இது எச்சரிக்கை தரும் இடம் இல்லை என்பதையும் மனத்தில் வையுங்கள். 2019 ஆகஸ்ட்டில் அவலாஞ்சியில் ஒரே நாளில் 82 சென்டிமீட்டர் பெய்தது; அப்படிப்பட்ட மழையை ஒரு வரி வானிலை சொல்லாது. மண் சரிவு, மரம் விழுதல் என்றால் மாவட்டக் கட்டுப்பாட்டு அறையின் 1077ஐ அழையுங்கள். கரண்டுக்கு மின்னகம் 94987 94987. இவை இரண்டும் புக்மார்க்கில் இல்லை, போன்புக்கில் முதல் இரண்டு பெயராக இருக்கட்டும்.

சித்தப்பாவுக்கு ஒரு ஏக்கர் தேயிலை. பச்சைத் தேயிலைக்குத் தேயிலை வாரியம் மாதாமாதம் அறிவிக்கும் குறைந்தபட்ச விலைதான் அவருக்கு இணையத்தில் வேண்டிய ஒரே செய்தி. வாரியத் தளத்தில் அது பெரும்பாலும் பிடிஎஃப் கோப்பாக இருக்கும், பட்டன் போனில் திறக்காது. எனவே மாவட்டச் செய்திகளை எழுத்தாகப் போடும் ஒரு நாளிதழ்ப் பக்கத்தைப் புக்மார்க் செய்து கொடுத்தேன். விலை வந்த மறுநாள் அதில் படித்துவிடுகிறார். பூச்சி, நோய், உரம் என்று சந்தேகம் வந்தால் கிசான் கால் சென்டருக்கு, 1800 180 1551, தமிழிலேயே பேசுகிறார். காசில்லாத அழைப்பு. அதையும் இணையத்தில் தேடி அலைய வேண்டியதில்லை.

பிள்ளைகளுக்குத் தமிழ் விக்கிப்பீடியா. 2003இல் தொடங்கிய அது ஓபரா மினியில் அழகாக மடங்கித் தெரிகிறது. நீண்ட கட்டுரை என்றால் சின்னப் போனின் நினைவகம் நிரம்பிவிடும். அந்த நேரம் பிரவுசரை முழுவதும் மூடித் திறக்க வேண்டும்.

மேட்டில் திறந்து வீட்டில் படிப்பது

எங்கள் லைன் பள்ளத்தில் இருக்கிறது. டவர் அரைக் கோடு. இருபது நிமிடம் ஏறினால் மாரியம்மன் கோயில் மேடு. அங்கே மூன்று கோடு. மலையில் பெரும்பாலான ஊர்களின் நிலை இதுதான்: வீடு இருக்கும் இடத்தில் டவர் இருக்காது.

இதற்கு ஓபரா மினியின் சேவ்டு பேஜஸ் வசதி போதும். மேட்டில் நின்று ஒவ்வொரு புக்மார்க்காகத் திறந்து, மெனுவில் சேவ் பேஜ் கொடுத்து, போனிலோ மெமரி கார்டிலோ வைத்துக்கொள்ளுங்கள். வீட்டுக்கு வந்து டவரே இல்லாமல் படிக்கலாம். பஸ் ஸ்டாண்டில் கூடலூர் பஸ்ஸுக்குக் காத்திருக்கும் பத்து நிமிடத்தில் நான் ஐந்தாறு பக்கம் எடுத்துவிடுவேன். படித்ததை வாரம் ஒருமுறை அழியுங்கள், இல்லாவிட்டால் இடம் நிறைந்து புதியது சேராது.

ஆறு மணிக்கு மேல் டவர் தேடி மேட்டுக்குப் போகாதீர்கள். எங்கள் பக்கம் இருட்டினால் யானை வழி அது. திரை வெளிச்சத்தைப் பார்த்துக்கொண்டே நடப்பவருக்கு எதிரே நிற்பது தெரியாது. எந்தச் செய்தியும் காலையில் படித்தால் போதும்.

எல்லையில் இருப்பவர்களுக்கு ஒரு சிக்கல் உண்டு. சேரம்பாடி, எருமாடு பக்கம் போன் ஒரு நிமிடம் நம் டவரையும் அடுத்த நிமிடம் கேரள டவரையும் பிடிக்கும். ஒவ்வொரு தடவை மாறும்போதும் பக்கம் அறும், பேட்டரியும் கரையும். நெட்வொர்க் செலக்‌ஷனை ஆட்டோமேட்டிக்கிலிருந்து மேனுவலுக்கு மாற்றி, நிலையாக வரும் ஒன்றைத் தேர்ந்தெடுங்கள். வெளியூர் போகும்போது மறக்காமல் திருப்பிவிட வேண்டும். 3ஜி உள்ள பழைய போன் என்றால் நெட்வொர்க் மோடை ஜிஎஸ்எம் மட்டும் என்று வையுங்கள். இல்லாத 3ஜி டவரைத் தேடித் தேடிப் போன் களைத்துவிடும்.

2ஜியில் இன்னொன்றும் கவனிக்க வேண்டும். பக்கம் இறங்கிக்கொண்டிருக்கும்போது வரும் அழைப்பு சில நேரம் போனுக்கு வந்து சேராது. கூப்பிடுபவருக்குத் தொடர்பு எல்லைக்கு வெளியே என்று கேட்கும். ஆஸ்பத்திரியிலிருந்தோ ஊரிலிருந்தோ முக்கியமான அழைப்புக்குக் காத்திருக்கும் நேரத்தில் பிரவுசரைத் திறக்காதீர்கள்.

பணம், கடவுச்சொல்

ஓபரா மினியின் சர்வர்தான் பூட்டைத் திறக்கிறது என்று மேலே சொன்னேன். அப்படியானால் நீங்கள் எழுதுவதும் அந்த சர்வர் வழியாக, பூட்டுத் திறந்த நிலையில்தான் போகிறது. ஃபிராக்ஃபைண்டில் போனுக்கும் அந்தத் தளத்துக்கும் நடுவே பூட்டே கிடையாது. எனவே வங்கிக் கடவுச்சொல், ஆதார் எண், ஓடிபி எதையும் இந்தப் பிரவுசர்களில் எழுத வேண்டாம். இதில் நான் யாருக்கும் விட்டுக்கொடுப்பதில்லை.

பணம் அனுப்பப் பட்டன் போனுக்கென்றே வழி இருக்கிறது. *99# அழுத்தினால் டேட்டா இல்லாமலே யுபிஐ திறக்கும். 2022 மார்ச்சில் ரிசர்வ் வங்கி தொடங்கிவைத்த யுபிஐ 123பே, போன் அழைப்பு வழியாகவே பணம் அனுப்ப உதவுகிறது. ரயில் டிக்கெட் நிலவரத்துக்கு 139க்கு பிஎன்ஆர் என்று எழுதி, இடைவெளி விட்டு, எண்ணை அனுப்பினால் பதில் எஸ்எம்எஸ்ஸில் வரும். நான்கு பக்கம் திறக்கும் நேரத்தில் ஒரு எஸ்எம்எஸ் முடித்துவிடும்.

ஜியோபோன்காரர்களுக்கு மேலே சொன்ன சர்வர் சிக்கல் இல்லை, பிரவுசர் நேராகப் பேசுகிறது. ஆனால் 512 எம்பி ரேமில் கனமான பக்கம் திறந்தால் பிரவுசர் தானாக மூடிக்கொள்ளும். செட்டிங்ஸில் பிரைவசி பகுதியில் பிரவுசிங் ஹிஸ்டரியையும் குக்கீகளையும் மாதம் ஒருமுறை அழியுங்கள். டக்டக்கோ லைட் இவர்களுக்கும் பொருந்தும்.

பேட்டரியும் குளிரும்

மார்கழி, தையில் ஊட்டிப் பக்கம் உறைபனி விழும். லித்தியம் பேட்டரி குளிரில் சுருண்டுகொள்ளும்; பாதி சார்ஜ் காட்டும் போன் திடீரென்று அணையும். கெட்டுப்போனது என்று நினைத்துப் புதுப் பேட்டரி வாங்கிவிடாதீர்கள். ஸ்வெட்டருக்கு உள்ளே உடம்புச் சூட்டில் அரை மணி நேரம் வைத்தால் திரும்ப எழும். காலையில் விறைத்துக் கிடக்கும் போனை உடனே சார்ஜில் போடாமல், சூடு ஏறியபின் போடுங்கள்.

பழைய நோக்கியாவின் பிஎல்-5சி பேட்டரி 1020 எம்ஏஎச் அளவுதான், ஆனால் கழற்றி மாட்டலாம். இரண்டாவது ஒன்றை வாங்கி, மழைக்காலம் தொடங்கும் முன் முழுவதும் சார்ஜ் செய்து, பிளாஸ்டிக் உறையில் கட்டி அரிசிப் பானைக்குப் பக்கத்தில் வைத்திருக்கிறோம். உப்பிய பேட்டரியை மட்டும் மறுபடி மாட்டாதீர்கள். மேசையில் வைத்துச் சுற்றிப் பாருங்கள், பம்பரமாகச் சுற்றினால் உப்பிவிட்டது.

போன ஆனி முதல் மழையில் கரண்ட் போனபோது அம்மா என்னைக் கேட்கவில்லை. விடிந்ததும் மேட்டுக்குப் போய் மூன்று பக்கம் எடுத்துக்கொண்டு வந்து, அடுப்படியில் உட்கார்ந்து பக்கத்து வீட்டு அக்காவுக்குப் படித்துக் காட்டினார்.